வாயாடிக்கொடி வாய் மூடிய கதை

செடிகொடியெல்லாம் வாய்விட்டுப் பேசிய அந்தக் காலத்தில், பேச்சு எல்லோருக்கும் ஒரே அளவில் வாய்த்திருக்கவில்லை. பாறை வருஷத்துக்கு ஒரு சொல் சொல்லும். யானை யோசித்துப் பேசும். தேன்பாறையின் உச்சியில் படர்ந்திருந்த ஒரு கொடிக்கு மட்டும் வாய் ஓயாது. அதன் ஒவ்வொரு பூவும் ஒரு வாய். நூறு பூ பூத்த நாளில் நூறும் பேசும். வாயாடிக்கொடி என்றே அதற்குப் பெயர்.

அந்த மலையில் வாழ்ந்த கெம்பனுக்கு அந்தக் கொடியைக் கண்டாலே எரிச்சல். ஆனால் தப்ப வழியில்லை. அந்த மலையில் தேனெடுக்க இறங்குகிறவனின் கயிற்றை அவன் மனைவியின் உடன்பிறந்தான்தான் காவல் காக்க வேண்டும். தன் தங்கச்சியைத் தனியாளாக்க எவனுக்கு மனம் வரும்? கெம்பனின் தங்கை மாதியைக் கட்டியவன் சடையன். ஆகவே சடையன் இறங்கும் நாளெல்லாம் கெம்பன் கொடியின் பக்கத்தில் உட்கார்ந்தே ஆக வேண்டும்.

அன்று மாதிக்கு ஏழாம் மாதம். சடையன் இடுப்பில் மூங்கில் குடலையைக் கட்டிக்கொண்டான்.

"என்ன மச்சான், தூங்கிட மாட்டியே?"

"நீ பாதித் தேனை அங்கேயே நக்கிடாம வந்து சேரு. உன்னைத் தூக்கறதே பெரும்பாடு."

சிரித்துக்கொண்டே சடையனின் தலை விளிம்புக்குக் கீழே மறைந்தது. கொடி ஆரம்பித்தது.

"கெம்பா, சேதி தெரியுமா? ஓடைக்கு அந்தப் பக்கம் நாவல் பழுத்தாச்சு. கரடிக்குப் பல்வலி. உன் பெண்டாட்டி நேத்துக் கிழங்கு தோண்டும்போது உன்னைத் திட்டிக்கிட்டே இருந்தா. என்னன்னு சொல்லட்டுமா?"

"வேண்டாம்."

"சரி. மயில் கோவிச்சுக்கிட்டுப் போயிருச்சு. அப்புறம் அந்த அணில் இருக்கே, அது நேத்து உன் கயித்தை..."

"ஒரு நாள், ஒரே ஒரு நாள் பேசாம இரேன்!" என்று கத்தினான் கெம்பன். "உன் வாய் என்னிக்கு மூடுதோ அன்னிக்குத்தான் எனக்கு நிம்மதி!"

கொடி திகைத்துப்போனது. வேங்கை மரத்தில் கயிறு கட்டியிருந்த இடத்தில், அணில் கடித்து வைத்திருந்த நார்கள் படபடவென்று தெறித்தன. கெம்பன் பாய்ந்து பிடித்தான். கயிறு அவன் இரண்டு உள்ளங்கைகளையும் சீவிக்கொண்டு விளிம்பை நோக்கி ஓடியது.

அப்போது கொடி தாவியது. நூறு பூவும் ஒரே சமயத்தில் கயிற்றைக் கவ்விக்கொண்டன.

"மச்சான்! மேலே என்ன ஆச்சு?" கீழிருந்து சடையனின் குரல்.

கொடி பதில் சொல்லவில்லை. சொல்ல வாயைத் திறந்தால் அவன் அடிவாரத்தில் கிடப்பான். "ஆடாம தொங்கு! வேற கயிறு விடறேன்!" என்று கெம்பன் கத்தினான். காட்டுக்குள் ஓடி, ரத்தம் வடியும் கையால் நார் உரித்து, முறுக்கி, வேங்கையில் கட்டி இறக்கினான். சடையன் மேலே வந்து சேர்ந்தபோது வெயில் மேற்கே சாய்ந்திருந்தது.

"விட்டிரு, வந்துட்டான்," என்றான் கெம்பன்.

கொடியால் விட முடியவில்லை. இறுகிய பூக்கள் ஒட்டிப்போயிருந்தன. சடையன் பழைய கயிற்றின் நாரைக் கொஞ்சம் கொஞ்சமாக அறுத்து எடுத்தான். பூக்கள் மூடினது மூடினபடியே நின்றன.

கெம்பன் அதன் இலையைக் கசக்கிக் கையில் கட்டினான். மூன்றே நாளில் புண் ஆறியது. அதற்குப் பிறகும் அவன் தினம் வந்தான்.

"அவ என்னன்னு திட்டினா? இப்பச் சொல்லு, கேக்கறேன்."

அவன் ஆசைப்பட்ட நிம்மதி பாறையெங்கும் பரவிக் கிடந்தது. அரை நாழிகைகூட அவனால் அதைத் தாங்க முடியவில்லை. ஒரு நாள் அவனே ஆரம்பித்தான்.

"மாதிக்குப் பொண்ணு பொறந்திருக்கு. சடையனுக்குத் தலைகால் புரியல. மூக்கு என்னை மாதிரியாம். அழுகை மட்டும் அவங்க அப்பன் மாதிரி..."

இருட்டுமுன் அவனுக்குத் தொண்டை கட்டிவிட்டது.

கயிற்றைக் கவ்விய அன்று தொடங்கியதுதான். அந்தக் கொடியில் மொட்டு வரும், மலராது. பிரித்துப் பார்த்தால் உள்ளே விதைகள் பல்வரிசை போல இறுகிக் கிடக்கும். கயிறு உராய்ந்த கைக்கு அதன் இலையைத்தான் கட்டுவார்கள். இப்போது அதன் பெயர் மச்சான்கொடி. அந்த வழியாகப் போகிற யாரும் அதைப் பேசாமல் கடப்பதில்லை. நின்று, வீட்டுச் சேதி ஒன்றையாவது அதனிடம் சொல்லிவிட்டுத்தான் போகிறார்கள்.