ஒரு பானைக் கஞ்சிக்கு மூன்று பொய்

முன்னொரு காலத்தில் ஆனைவாரி என்றொரு நாட்டை நெடுங்கோ என்ற அரசன் ஆண்டான். எந்தக் காலம் என்று கேட்காதீர்கள். பொய்யைப் பற்றிய கதையிலேயே என்னைப் பொய் சொல்ல வைத்துவிடுவீர்கள்.

நெடுங்கோவுக்குப் பொய் பிடிக்காது. ஆகவே சட்டம் போட்டான்: பொய் சொன்னவர் நாட்டை விட்டுப் போக வேண்டும். பிடித்து வர ஒற்றர்களையும் அனுப்பினான்.

குயவர் தெருவில் நாகம்மை வீட்டுக்கு அவள் கொழுந்தன் மருதையன் வெகுதூரம் நடந்து வந்தான். பானையில் ஒரு ஆளுக்கான கஞ்சிதான் இருந்தது. அது அவன் கண்ணிலும் பட்டது.

"சாப்பிடுங்க தம்பி."

"இப்பதான் சாப்பிட்டு வர்றேன் அண்ணி."

"ஒரு வாய்?"

"இடமே இல்லை."

மூன்றாம் முறை அவள் கேட்கவில்லை, ஊற்றியே கொடுத்துவிட்டாள். "நான் அப்பவே சாப்பிட்டாச்சு" என்றாள். அவன் கலயத்தைக் கீழே வைக்காமல் குடித்தான்.

வாசலில் நின்ற ஒற்றன் விரல் விட்டு எண்ணினான். மருதையன் சொன்னது இரண்டு, நாகம்மை சொன்னது ஒன்று. இருவரையும் அரசவைக்கு இழுத்துப் போனான்.

"பொய் சொன்னது உண்மையா?" என்றான் அரசன்.

"உண்மைதான் ராசா" என்றாள் நாகம்மை. "ஆனா ஏமாந்தது யாரு? இவர் வயிறு இரைஞ்சது எனக்குக் கேட்டுச்சு. என் பானையில ஒரு ஆளுக்குத்தான் இருந்ததுன்னு இவருக்குத் தெரியும்."

அரசன் திகைத்தான். "என் நாட்டில் ஒரு வீட்டில் ஒரு ஆளுக்குத்தான் கஞ்சியா? வீட்டுக்கு வீடு குதிர் நிறைந்திருப்பதாக அமைச்சர் காலையில் சொல்கிறார், நண்பகலில் சொல்கிறார், மாலையிலும் சொல்கிறாரே."

அமைச்சர் வித்தகர் தொண்டையைச் செருமினார். "அது... ஒரு மரியாதைக்குச் சொன்னது, மன்னா."

"நாங்களும் மரியாதைக்குத்தாங்க சொன்னோம்" என்றாள் நாகம்மை. "எங்க மரியாதையில ஒருத்தர் பசியாறினார். உங்க மரியாதையில ஒரு தெருவே பட்டினி கிடக்குது."

அவையில் யாரோ சிரித்துவிட்டு, இருமியதுபோல் நடித்தார். அதுவும் பொய்தான், யாரும் பிடிக்கவில்லை.

அரசன் இருவரையும் விடுவித்து, குயவர் தெருவுக்குக் களஞ்சியத்தைத் திறந்துவிட்டான். சட்டத்தை நீக்கும் முன் ஒரே ஒருமுறை பயன்படுத்தினான்: வித்தகர் அன்று மாலையே எல்லை தாண்டினார்.

ஆகவே கேட்டுக்கொள்ளுங்கள்: ஒரு பொய்யைத் தண்டிக்கும் முன், அதை நம்பி ஏமாந்தவர் யார், அதனால் இழந்தவர் யார் என்று விசாரிக்க வேண்டும்.