ஒற்றைக் காது சாமியும் குப்பாயி அம்மையாரும்

கல்வாய் என்னும் மலையூரில் குப்பாயி அம்மையார் துணி சுற்றும் வேலை செய்துவந்தார். மாட்டு மணிக்கும் வண்டி அச்சுக்கும் உலக்கைப் பூணுக்கும் பழந்துணி சுற்றுவார். கோடை பிறக்குமுன் ஊர் முழுவதும் சுற்றி முடித்துவிட வேண்டும். ஒரு முடிச்சு தளர்ந்தாலும் உயிர் போகும்.

அங்கே மலைப் பிளவுக்குள் ஓர் ஒலி உயிரோடு இருந்தது. அதற்கு உடல் இல்லை, பசி இருந்தது. காற்று ஓய்ந்த கோடைப் பகல்களில் அது வெளியே வரும். சத்தம் கேட்ட இடத்துக்குப் போகும். மணிச் சத்தம் அதற்கு வழி காட்டும், பசியைத் தீர்க்காது. அது குடிப்பது மனிதக் குரலை. பெரியவர்களில் சிலர் ஊமையாகிப் பிழைத்ததுண்டு. கைக்குழந்தை ஒன்றுகூடப் பிழைத்ததில்லை. குரலோடு மூச்சும் போய்விடும்.

காற்று ஓயும் அந்த நாற்பது நாளும் ஊரார் கைச்சாடையில் பேசுவார்கள். தவிர்க்க முடியாதபோது பேசுகிறவர்கள் தலையைச் சேர்த்துக் கம்பளியால் மூடிக்கொண்டு கிசுகிசுப்பார்கள். அம்மையாரின் கணவர் கதிர் அறுக்கும்போது ஒருமுறை தும்மினார். மூன்றாம் நாள் அவரைப் புதைத்தார்கள். அழக்கூட வாய் திறக்க முடியவில்லை.

ஊருக்கு வெளியே, பிளவை ஒட்டி, செவிசாய்த்தார் கோயில் இருந்தது. கரடுமுரடான ஒரு கல். அதில் ஒரே ஒரு காது. அம்மையார் தினமும் உச்சிப்பொழுதில் அங்கே போய், "செவிசாய்த்தவனே" என்று ஒருமுறை கூப்பிடுவார். வேறு மந்திரம் அவருக்குத் தெரியாது. கோடையில் மட்டும் வீட்டிலேயே கம்பளிக்குள் முகம் புதைத்துக் கூப்பிடுவார். தன்னால் ஊருக்குத் தீங்கு வரக்கூடாது என்பதும் காரணம், பயமும் காரணம்.

அவர் குரல் கரகரத்த குரல். நாட்டாமை ஒச்சப்பன் அதைச் சொல்லிச் சிரிக்காத நாள் இல்லை.

"ஏ குப்பாயி, சாமிக்கு மொதல்ல ரெண்டு காது இருந்துச்சு தெரியுமா? ஒன் கொரலைக் கேட்டுத்தான் ஒண்ணை மூடிக்கிட்டாரு."

"மிச்சம் ஒண்ணு போதும்யா எனக்கு" என்பார் அம்மையார்.

கர்ப்பிணிகளைக் கோடைக்கு முன்பே ஆற்றுக்கு அக்கரையில் விட்டுவிடுவது அவ்வூர் வழக்கம். அந்த ஆண்டு ஒச்சப்பன் தம் மருமகள் மாசாணியை அனுப்பவில்லை. ஏழு மாதம்தானே, கோடை கழிந்தபின் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டார். இருபதாம் நாள் காலை அவளுக்கு வலி கண்டது.

சன்னல் இடுக்குகளில் துணி அடைக்க அம்மையாரை அழைத்தார்கள். மாசாணி விறகுக்கட்டையைக் கடித்துக்கொண்டு கிடந்தாள். ஒரு முனகலும் வெளியே வரவில்லை. அம்மையார் கடைசி இடுக்கை அடைத்துவிட்டுத் திரும்பியபோது குடத்துத் தண்ணீரில் வளையங்கள் எழுவதைக் கண்டார். முறத்தில் கிடந்த அரிசி நடுங்கியது. பல்லின் வேரில் ஒரு கூச்சம் ஓடியது.

அது தெருவுக்கு வந்துவிட்டது.

மருத்துவச்சி கம்பளியை விரித்தார். அவர், அம்மையார், ஒச்சப்பன் என மூன்று தலைகள் உள்ளே போயின.

"தலை தெரியுது. இந்தா வந்துரும்."

"பொறந்ததும் வாயைப் பொத்திரு" என்றார் ஒச்சப்பன்.

"பொத்துனா செத்துரும். கத்துனாத்தான்யா மூச்சு."

"கத்துனா அது வந்துருமே!"

கம்பளிக்குள் ஒச்சப்பனின் மூச்சு மட்டும் சூடாக வந்தது.

"நான் போறேன்யா" என்றார் அம்மையார்.

"எங்க போற?"

"இன்னைக்கு இன்னும் சாமி கும்பிடல."

வெளியே வெயில் வெள்ளையாக நின்றது. தெருவில் ஒரு நாய் தன் குட்டியின் மேல் படுத்து அதன் வாயை அமுக்கியிருந்தது. பயத்தில் அம்மையாரின் சேலை நனைந்தது. திரும்பிவிடலாம் என்று மூன்று இடங்களில் நின்றார். மூன்று இடங்களிலும் மறுபடி நடந்தார்.

கல்லின் முன் நின்று வாயைத் திறந்தார். குரல் வரவில்லை. மறுபடி முயன்றார்.

அப்போது ஊருக்குள்ளிருந்து மெல்லிய அழுகை ஒன்று கேட்டது. தெருப்புழுதி முழுவதும் அந்த வீட்டை நோக்கி எழுந்தது.

"செவிசாய்த்தவனே!"

புழுதி நின்றது. அவர் மீண்டும் கூப்பிட்டார். புழுதி திரும்பியது. சரளைக்கற்கள் துள்ள அது மேட்டில் ஏறி வந்தது. கண்ணை மூடிக்கொண்டு, தொண்டை கிழியக் கூப்பிட்டார். ஏதோ ஒன்று குளிர்ச்சியாக அவர் வாய்க்குள் புகுந்தது. பாதிப் பெயர் வெளியே இருந்தது, மீதி இல்லை.

குழந்தை அழுதுகொண்டே இருந்தது. அதைத் தேடி எதுவும் வரவில்லை.

மறுநாள் உச்சியில் அம்மையார் கோயிலுக்குப் போனார். ஒச்சப்பன் பின்னால் வந்தார். அம்மையார் வாயைத் திறந்தார். உதடு அசைந்தது, சத்தம் இல்லை. அவர் கண்கள் நிறைந்தன. கணவரைப் பறிகொடுத்தபோதும் அந்தப் பெயர் அவரிடம் இருந்தது. இப்போது அதுவும் இல்லை.

அப்போது பிளவின் ஆழத்திலிருந்து ஒரு குரல் எழுந்தது. ஒச்சப்பன் தரையில் விழுந்து காதைப் பொத்தினார். கரகரத்த குரல். ஊர் அறிந்த குரல்.

"செவிசாய்த்தவனே."

ஒருமுறைதான். பிறகு மலை அமைதியானது. அன்று முதல் அந்த ஒலி ஊருக்குள் வரவில்லை. தினமும் உச்சியில் ஒருமுறை கூப்பிட்டுவிட்டு அடங்கிவிடும்.

ஒச்சப்பன் வெகுநேரம் கழித்து எழுந்தார். கல்லைப் பார்த்தார். நேற்றுவரை வெறுமையாக இருந்த மறுபக்கத்தில், பிளவை நோக்கி, இரண்டாவது காது இருந்தது.

"தாயி" என்றார். அம்மையாரின் காலில் விழுந்தார்.

அஞ்சியும் திரும்பாமல் நடந்த அந்தக் கால்களை வணங்குவோம்.