மாப்பிள்ளையோடு திருப்பிக் கொடுத்த மாலை

எருக்கம்பேரிக்காரர்களுக்கு மூளை கிடையாது என்று எங்கள் வட்டாரத்தில் ஒரு பேச்சு உண்டு. இப்படிப் பேசுகிறவர்களை நாலு வார்த்தை கேட்டுவிட வேண்டும் என்று ஒருமுறை ஊர்க்கூட்டம் போட்டோம். எதற்காகக் கூடினோம் என்பது பாதியிலேயே மறந்துபோனதால் ஆளுக்கொரு டீயைக் குடித்துவிட்டுக் கலைந்தோம். நானும் அந்த ஊர்தான். ஆகவே இந்தக் கதையில் யாரைப் பார்த்தாவது உங்களுக்குச் சிரிப்பு வந்தால், முதலில் என்னைப் பார்த்துச் சிரித்துவிடுங்கள். மற்றவர்கள் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

எங்கள் தங்கை பூரணத்துக்குக் கல்யாணம். அண்ணன்மார் நாங்கள் இரண்டு பேர். மூத்தவர் வெயிலுமுத்து, இளையவன் நான். மாப்பிள்ளை தவசி வேறு யாருமில்லை, எங்கள் கோமு அத்தையின் மகன். இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரு வேலிதான். அதனால் அறிவு விஷயத்தில் பொருத்தம் பார்க்க வேண்டிய அவசியம் ஏற்படவில்லை.

எங்கள் ஊரில் பூ என்றால் எருக்கு, அதை விட்டால் அரளி. பூரணத்துக்குச் சின்ன வயதிலிருந்து ஒரே ஆசைதான். கழுத்து நிறைய மல்லிகை மாலை போட்டுக்கொண்டு, அந்த வாசனையில் தாலி வாங்கிக்கொள்ள வேண்டும். நகை கேட்டதில்லை, பட்டு கேட்டதில்லை, இது ஒன்றுதான் கேட்டாள். அண்ணனும் நானும் டவுனுக்குப் போய், கொண்டல்சாமி என்பவரின் பூக்கடையில் முழுப் பணத்தையும் முன்கூட்டியே கட்டி, ஒரு ஜோடி மாலைக்குச் சொல்லிவிட்டு வந்தோம்.

கல்யாணத்தன்று காலை பஸ்ஸில் மாலைகள் வந்து சேர்ந்தன. முகூர்த்தம் சாயங்காலம், மாடு வீடு திரும்பும் நேரத்துக்கு. ஆனாலும் மாப்பிள்ளை அழைப்பு காலையிலேயே முடிந்துவிட்டதால், தவசியின் கழுத்தில் ஒன்றைப் போட்டுவிட்டோம். கோமு அத்தை விரலை ஆட்டிச் சொன்னாள்.

"ஏல, எல்லாரும் கேட்டுக்கிடுங்க. போட்ட மாலையைத் தாலி கட்டுற வரைக்கும் கழட்டப்படாது. ஆமா."

இன்னொரு மாலையைப் பூரணத்திடம் கொண்டுபோய்க் கொடுத்தோம். அவள் இரண்டு கையாலும் வாங்கி, முகத்தைப் புதைத்து, நன்றாக மூச்சை இழுத்தாள். பிறகு தலையைத் தூக்கி எங்களைப் பார்த்தாள். கண் நிறைந்துவிட்டது.

"அண்ணே, மணமே இல்லையே. ஒண்ணுகூட விரியலையே. அத்தனையும் மொட்டா இருக்கே."

சொல்லிவிட்டு உள்ளே போய்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டாள். ஒரே தங்கை, அவள் கேட்டது ஒரே ஒரு வாசனை. அதைக்கூட ஒழுங்காக வாங்கத் தெரியாத அண்ணன்மார் நாங்கள்.

அண்ணன் மாலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"பூவுக்குத் துட்டு வாங்கிட்டு மொட்டைக் குடுத்திருக்கான்."

"கோழிக்குத் துட்டு வாங்கிட்டு முட்டையைக் குடுத்த மாதிரி," என்றேன்.

"முட்டையாவது பொரிச்சுத் திங்கலாம்," என்றார் அண்ணன். அதற்குமேல் பேச என்ன இருக்கிறது? உடனே கடைக்குப் போன் போட்டோம்.

அன்று எங்கு பார்த்தாலும் கல்யாணம். கடையில் ஒரே கூச்சல். அண்ணன் சொன்னதில் பாதிகூடக் கொண்டல்சாமி காதில் விழுந்திருக்காது. "பிடிக்கலைன்னா கொண்டாந்து வச்சிட்டுத் துட்டை வாங்கிட்டுப் போங்கவே! ஆனா குடுத்தபடியே வரணும். ஒரு பூ குறையப்படாது!" என்று கத்திவிட்டு வைத்துவிட்டார்.

நியாயமான பேச்சு. துட்டு வந்தால் வேறு கடையில் விரிந்த பூவாகப் பார்த்து வாங்கலாம். ஆனால் ஒரு மாலை தவசியின் கழுத்தில் இருக்கிறதே? அத்தையிடம் கேட்டோம். கழட்டப்படாது என்றால் கழட்டப்படாதுதான் என்றாள். பந்தலில் உட்கார்ந்து யோசித்தோம்.

"மாப்ளைகிட்ட இருந்து மாலையைக் கழட்டப்படாது. சரி, மாலையில இருந்து மாப்ளையைக் கழட்டினா?" என்றேன்.

அண்ணன் இதைச் சற்று நேரம் எண்ணிப் பார்த்தார். "ரெண்டும் ஒண்ணுதான்னு தோணுது," என்றார். எங்கள் ஊரில் அவர்தான் கொஞ்சம் ஆழமாக யோசிப்பவர். "அப்படின்னா ஒரே வழிதான். மாலையை மாப்ளையோட கொண்டுபோய்க் குடுத்துருவோம்."

"வாரேன் மச்சான். எனக்கும் டவுனைப் பாத்து ரொம்ப நாளாச்சு," என்றான் தவசி.

பஸ்ஸுக்கு நிற்கும்போது ஒரு விபரீதம் நடந்தது. மறுநாள் கறிவிருந்துக்காக அத்தை வளர்த்த கிடா பின்னாலேயே வந்திருக்கிறது. நாங்கள் பார்ப்பதற்குள் தவசியின் நெஞ்சில் முன்னங்காலை வைத்து ஏறி, மாலையில் ஒரு வாய் கடித்துவிட்டது.

"போச்சு! ஒரு பூ குறையப்படாதுன்னாரே!" என்று நான் தலையில் கை வைத்தேன்.

அண்ணன் மட்டும் கலங்கவில்லை. "பூ எங்க போயிருக்கு? ஆட்டுக்குள்ளதான இருக்கு. ஆடு வந்தா பூவும் வந்த மாதிரிதான்," என்றார். கிடாயையும் பஸ்ஸில் ஏற்றினோம்.

"எத்தனை டிக்கெட்?" என்றார் கண்டக்டர்.

"ஆளு ரெண்டு. மத்ததெல்லாம் சரக்கு."

கண்டக்டர் மாலையும் கழுத்துமாக நின்ற தவசியை மேலும் கீழும் பார்த்தார். "இது?"

"அதுவும் சரக்குதான் அண்ணாச்சி. திருப்பிக் குடுக்கக் கொண்டு போறோம்."

"எந்த ஊரு நீங்க?"

சொன்னோம். அவர் உடனே இரண்டு ஆளுக்கும் இரண்டு சரக்குக்கும் டிக்கெட்டைக் கிழித்துக் கொடுத்துவிட்டு முன்பக்கம் போய் நின்றுகொண்டார். பாதி சீட் காலியாக இருந்தும், மாலை நசுங்கக்கூடாதென்று தவசி கடைசிவரை கையை விரித்துக்கொண்டு நின்றே வந்தான். சரக்கு பேசக்கூடாது என்று வாயைக்கூடத் திறக்கவில்லை. தங்கமான பையன்.

கடையில் கால் வைக்க இடமில்லை. கூட்டத்தை விலக்கி, தவசியையும் கிடாயையும் பூரணத்தின் மாலையையும் வரிசையாக நிறுத்தி வைத்தோம்.

"என்னவே இது?" என்றார் கொண்டல்சாமி.

"குடுத்தபடியே கொண்டு வந்திருக்கோம். ஒரு வாய் பூ மட்டும் இந்த ஆட்டுக்குள்ள இருக்கு. பாத்து எடுத்துக்கிடுங்க," என்றார் அண்ணன்.

"நல்ல மாலைக்கு என்னய்யா?"

"அத்தனையும் மொட்டு."

"மல்லி மொட்டாத்தான்யா வரும். சாயங்காலம் தன்னால விரியும்!"

"அப்ப துட்டையும் சாயங்காலம் வாங்கியிருக்கணும்லா? முன்கூட்டியே ஏன் வாங்கினீங்க?"

கொண்டல்சாமி அண்ணனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். ஆட்டையும் பார்த்தார். பின்னால் நாற்பது பேர் மாலைக்குக் கத்திக்கொண்டிருந்தார்கள். பணத்தை எடுத்து அண்ணன் கையில் திணித்து, "போயிருங்க, சாமி," என்று கும்பிட்டார். மாப்பிள்ளை தானாக எங்கள் பின்னால் வந்துவிடுவான் என்று நினைத்திருக்கிறார். தவசியை அவருக்குத் தெரியாது. அவன் ஒரு முக்காலியைப் பார்த்து உட்கார்ந்துகொண்டான்.

விரிந்த மல்லிகை தேடி மற்ற கடைகளில் அலைந்தோம். எல்லாக் கடையிலும் மொட்டுதான். டவுனே சேர்ந்து ஏமாற்றுகிறது என்று முடிவுசெய்து ஊருக்குத் திரும்பினோம். ஆனாலும் ஒரு பெருமை இருந்தது. எருக்கம்பேரிக்காரன் கொடுத்த துட்டைத் திருப்பி வாங்கியது அதுதான் முதல் தடவை. பந்தலில் நுழைந்ததும் அண்ணன் பணத்தைத் தலைக்குமேல் தூக்கிக் காட்டினார்.

பூரணம் அழுகையை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தாள். "அத்தான் எங்க?"

"திருப்பிக் குடுத்தாச்சு," என்றார் அண்ணன். "ஒரு பைசா பிடிக்கலை. முழுத் துட்டும் வந்துட்டு."

கோமு அத்தை நெஞ்சில் கை வைத்தாள். "எம் புள்ளையைக் குடுத்துட்டீங்களா? அவன் கட்டியிருந்தது புது வேட்டியாச்சே. வேட்டிக்குத் தனியா வாங்கினீங்களா?"

அண்ணனும் நானும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். வேட்டியை மறந்தே போயிருந்தோம்.

பூரணம் பந்தல் நடுவில் வந்து நின்றாள். "எனக்குத் துட்டும் வேண்டாம், பூவும் வேண்டாம். அத்தான்தான் வேணும். அவரை யாராவது நல்ல மாலைன்னு வாங்கிட்டுப் போயிட்டா நான் என்ன செய்வேன்?"

அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. முகூர்த்த நாள், கூட்டமோ கூட்டம், இவனோ வாட்டசாட்டமான பையன். யார் வேண்டுமானாலும் விலை பேசிவிடுவார்கள். தங்கையின் கல்யாணத்தைக் கெடுத்த பாவி என்று என்னையே திட்டிக்கொண்டு ஓடிப்போய் ஒரு லோடு ஆட்டோவைப் பிடித்து வந்தேன். தட்டில் தாலியோடு ஐயர், வேட்டிக்கணக்கோடு அத்தை, மணப்பெண் என்று எல்லோரும் ஏறினோம்.

வெயில் சாயும்போது போய்ச் சேர்ந்தோம். கடையில் ஒரு ஈ காக்கை இல்லை. கொண்டல்சாமி தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தவசி முக்காலியில் அப்படியே இருந்தான். வருகிறவர்கள் எல்லாம் அவன் கழுத்தைப் பார்த்து மாலை என்ன விலை என்று கேட்க, அவன் நேர்மையாக, "இது திருப்பிக் குடுத்த சரக்கு. இங்க எல்லாம் மொட்டுதான். வாங்காதீங்க," என்று சொல்லி அனுப்பியிருக்கிறான்.

"கூட்டிட்டுப் போங்க தாயி. துட்டு வேண்டாம்," என்றார் கொண்டல்சாமி.

"அதெப்படி? ஓசியில மாப்ளை எடுத்தாங்கன்னு ஊரு பேசும்," என்று அண்ணன் வாங்கிய பணத்தை அவர் கல்லாவில் போட்டுவிட்டார்.

பூரணம் தவசியின் பக்கத்தில் போனாள். அப்படியே நின்றுவிட்டாள். அவன் கழுத்து மாலை, ஆணியில் தொங்கிய அவள் மாலை, இரண்டிலும் ஒரு மொட்டு பாக்கியில்லாமல் எல்லாம் வெடித்து விரிந்திருந்தன. கடை முழுக்க அந்த வாசனைதான். அவள் தன் மாலையை எடுத்து முகத்தைப் புதைத்துக்கொண்டு மறுபடி அழ ஆரம்பித்தாள்.

அண்ணன் என் காதோடு கேட்டார். "திரும்பவும் அழுறாளே. திருப்பிக் குடுத்துருவோமா?"

பூரணம் மாலைக்குள்ளிருந்து ஒரு பார்வை பார்த்தாள். அண்ணன் ஐயர் பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஐயர், மாடு திரும்பும் நேரம் வந்துவிட்டது என்றார். டவுனில் மாட்டுக்கு எங்கே போவது என்று நாங்கள் கவலைப்பட்டபோது, கழிவுப் பூ தின்ன ஒரு தெருமாடு கடைவாசலில் வந்து நின்றது. அந்த நிமிஷமே தவசி தாலியைக் கட்டினான். கொண்டல்சாமியே கை நிறையப் பூவை அள்ளிப் போட்டார். வெளியே சொன்னால் வெட்கம், நான் தேம்பித் தேம்பி அழுதேன். பூரணம் கேட்டபடியே, அவள் கேட்ட வாசனையில், நாங்கள் இவ்வளவு கெடுத்தும் கல்யாணம் நடந்துவிட்டது.

அந்த மகிழ்ச்சியில் கிடாயைக் கடையிலேயே மறந்துவிட்டோம்.

மறுநாள் விருந்துக்கு மசாலா அரைத்து, சமையல்காரர் கத்தியும் தீட்டிய பிறகுதான் ஆட்டைத் தேடினோம். அந்த நேரம் பார்த்துப் போன் வந்தது. "உங்க ஆடு கடைப் பூவையெல்லாம் தின்னுட்டுவே! நான் கொண்டாந்து விட்டுருதேன்," என்று கொண்டல்சாமி அழாத குறையாகச் சொன்னார்.

அண்ணன் ஆழமாக யோசித்தார். "கொண்டாங்க, வாங்கிக்கிடுதோம். ஆனா குடுத்தபடியே வரணும். நாங்க பூவோட குடுத்தோம். ஒரு பூ குறையப்படாது."

மனுஷன் சண்டைபோடத் தெம்பில்லாமல் போயிருக்க வேண்டும். மதியம் ஆட்டோவில் வந்து ஆட்டை இறக்கிவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போய்விட்டார். கிடா பந்தலுக்குள் நடந்து வந்தது. அதன் கழுத்தில் அருமையான மல்லிகை மாலை ஒன்று தொங்கியது.

சமையல்காரர் கத்தியோடு எழுந்தார். கோமு அத்தை குறுக்கே வந்து நின்றாள்.

"மாலை போட்டாச்சுல்லா? தாலி கட்டுற வரைக்கும் கழட்டப்படாது."

"மாலை போட்ட கிடாயை வெட்டத்தான செய்வாங்க?"

"அது கோயில்ல. இது கல்யாண வீடு. மாப்ளையை யாராவது அறுப்பாங்களா?"

பந்தலில் இருந்த எல்லோரும் தலையை ஆட்டினோம். அன்று விருந்துக்குச் சாம்பார்தான்.

கிடா இன்னும் எங்கள் வீட்டில்தான் இருக்கிறது. நல்ல கறுப்பு, சாதுவான குணம், பூத் தின்பதைத் தவிர வேறு கெட்ட பழக்கம் கிடையாது. உங்கள் பக்கம் பொருத்தமான இடம் எதுவும் இருந்தால் சொல்லுங்கள். பெண் வீட்டார் எதுவும் செய்ய வேண்டாம். மாப்பிள்ளை மாலைகூட வாங்க வேண்டியதில்லை, அன்று போட்ட மாலையின் நார் மட்டும் கழுத்தில் பத்திரமாக இருக்கிறது.