பதினோரு பேர்

"என்னை எடுக்கலை மிஸ்."

இசக்கியம்மாள் மைதானத்தின் ஓரத்தில் நின்றபடி சொன்னாள். தோளில் பை தொங்கியது. பெங்களூர் முகாமிலிருந்து கோவில்பட்டிக்கு ரயிலில் வந்து இறங்கியவள், வீட்டுக்குக்கூடப் போகாமல் நேரே தான் படித்த பள்ளிக்கூடத்துக்கு வந்திருந்தாள்.

தமயந்தி மிஸ் குனிந்து சுண்ணாம்புக் கோடு போட்டுக்கொண்டிருந்தார். இசக்கியின் கையில் முதல் ஹாக்கி மட்டையைக் கொடுத்தவர் அவர்தான். பிறகு அவள் மாநிலத்துக்கு ஆடினாள். ஜூனியர் இந்தியாவுக்கு ஆடினாள். போன வருஷம் பெரிய அணியோடு வெளிநாடு போய்வந்தாள். இந்த வருஷம் உலகப் போட்டி.

"யார் சொன்னா?"

"கோச் மேடம்தான். தனியாக் கூப்பிட்டாங்க. கதவைச் சாத்தினாங்க. 'இந்தத் தடவை நீ இல்லை. உன் வேகம் இன்னும் அந்த அளவுக்கு வரலை'ன்னு மூஞ்சிக்கு நேரா சொல்லிட்டாங்க."

மிஸ் கோட்டை முடித்தார்.

"எங்கப்பா தெரு முழுக்கச் சொல்லி வச்சிருக்காரு மிஸ். அதெல்லாம் அந்த மேடத்துக்கு எங்க தெரியும்? கல்மனசு."

"சாப்பிட்டியா?"

"இல்லை."

"போய்ச் சாப்பிட்டுட்டு சாயங்காலம் வா. நாளைக்கு நம்ம பிள்ளைகளுக்கு மாவட்ட ஃபைனல். பதினோரு பேரை நீதான் எடுக்கணும்."

"நானா?"

மிஸ் தன் கழுத்தில் கிடந்த விசிலைக் கழற்றி அவளிடம் கொடுத்தார்.

சாயங்காலம் இசக்கி பிள்ளைகளை இரண்டு அணியாகப் பிரித்து ஆடவிட்டாள்.

பத்துப் பேரைத் தேர்ந்தெடுப்பதில் சிரமமே இல்லை. வலப்பக்கம் தடுத்து ஆடும் ரைட் பேக் இடத்துக்குத்தான் இரண்டு பேர் இருந்தார்கள். முத்துமீனா, ஷீபா.

ஷீபா வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ஆனால் பந்து எங்கே வரும் என்று அவள் காலுக்குத் தெரிந்திருந்தது. முத்துமீனா பிளஸ் டூ. பயிற்சிக்கு ஒருநாளும் வராமல் இருந்ததில்லை. அவளும் ஓடினாள், விழுந்தாள், எழுந்து ஓடினாள். பந்து அவளுக்கு முன்னால் போய்க்கொண்டே இருந்தது.

சற்று நேரத்தில் இசக்கிக்குத் தெரிந்துவிட்டது.

குழாயடியில் முகம் கழுவும்போது முத்துமீனா பக்கத்தில் வந்து நின்றாள்.

"அக்கா, எனக்கு இது கடைசி வருஷம்."

இசக்கி குழாயை மூடினாள்.

"எங்கம்மா நான் ஆடி ஒருதடவைகூடப் பார்த்ததில்லை. நாளைக்குத் தீப்பெட்டி ஆபீஸ் வேலைக்கு லீவு போட்டுட்டு வாராங்க."

அந்த முகத்தை இசக்கியால் நேராகப் பார்க்க முடியவில்லை.

"நீதான் ஆடுற. போ, நல்லாத் தூங்கு" என்றாள்.

முத்துமீனா குதித்துக்கொண்டு ஓடினாள்.

மிஸ் கேட்டார், "ரைட் பேக் யாரு?"

"முத்துமீனா."

"நல்லாப் பார்த்தியா?"

"பார்த்தேன் மிஸ். அவங்களை மாதிரி எனக்குக் கல்மனசு இல்லை."

மிஸ் பந்துகளைப் பொறுக்கப் போனார்.

மறுநாள் மைதானத்தைச் சுற்றி நல்ல கூட்டம். முத்துமீனாவின் அம்மா புதுச்சேலை கட்டி, முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் இருந்தவர்களிடம் மகளைக் கைநீட்டிக் காட்டினாள்.

ஆட்டம் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே எதிரணிப் பிள்ளைகள் கண்டுபிடித்துவிட்டார்கள். எல்லாப் பந்தும் முத்துமீனா பக்கமாகவே வந்தது.

முதல் கோல் விழுந்தது.

"பரவாயில்லை, ஆடு!" என்று இசக்கி கத்தினாள்.

இரண்டாவது கோலும் அதே வழியாகத்தான் விழுந்தது. கூட்டத்தில் யாரோ, "ஏ, அந்தப் பிள்ளையத் தூக்குங்கப்பா!" என்று கத்த, சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். அம்மா நீட்டிய கையை மடக்கி, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

பிறகு தோழிகள் முத்துமீனாவுக்குப் பந்து கொடுப்பதை நிறுத்தினார்கள். அவள் வெறுங்கையோடு நிற்பவளைப் போல மட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

இசக்கி மிஸ்ஸைத் திரும்பிப் பார்த்தாள்.

"உன் டீம்" என்றார் மிஸ்.

இசக்கியால் அந்தப் பெயரைக் கூப்பிட முடியவில்லை. கூப்பிட வேண்டிய நிமிஷங்கள் போய்க்கொண்டே இருந்தன. கடைசியில் முத்துமீனாவே கையைத் தூக்கினாள். பெஞ்சைப் பார்த்து, என்னை வெளியே எடுங்கள் என்று சைகை காட்டினாள்.

ஷீபா உள்ளே போனாள். அதற்கப்புறம் அந்தப் பக்கம் ஒரு பந்தும் தாண்டவில்லை. ஒரு கோல் திருப்பிப் போட்டார்கள். ஆனால் நேரம் முடிந்துவிட்டது.

தோற்ற பிள்ளைகள் தண்ணீர் குடித்துவிட்டுக் கலைந்தார்கள். ஷீபா மட்டும் இசக்கியைக் கடக்கும்போது ஒரு நொடி நின்றாள். பிறகு மட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டாள்.

முத்துமீனா கோல் கம்பத்துக்குப் பின்னால் உட்கார்ந்து முழங்காலுக்குக் கீழே கட்டியிருந்த கவசத்தை அவிழ்த்துக்கொண்டிருந்தாள். கொஞ்ச தூரத்தில் அவள் அம்மா, கிட்டே வரலாமா கூடாதா என்று தெரியாமல் நின்றாள்.

இசக்கி போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"ஏட்டி, அழாத. உன்மேல தப்பில்லை."

"நான் அழலையே."

அழுதுகொண்டுதான் இருந்தாள்.

"அக்கா, ஒண்ணு கேட்கட்டுமா?"

"கேளு."

"ஷீபாதான் நல்லா ஆடுறான்னு உங்களுக்கு நேத்தே தெரியுமா?"

இசக்கி மைதானத்தைப் பார்த்தாள். தமயந்தி மிஸ் தூரத்தில் கொடிகளைப் பிடுங்கிக்கொண்டிருந்தார். இந்தப் பக்கம் திரும்பவில்லை.

"தெரியும்" என்றாள் இசக்கி.

முத்துமீனா புறங்கையால் மூக்கைத் துடைத்தாள். அவள் குரலில் கோபம் இல்லை.

"நேத்தே சொல்லியிருக்கலாம்லக்கா. உங்க முன்னாடி மட்டும் அழுதிருப்பேன்."