மெற்றில்டாவின் பிள்ளை

ரெமிஜியுஸ் சாமி உபதேசியார்களுக்கு வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தார். குருவானவர் மாதத்துக்கு ஒருமுறை மட்டும் வருகிற ஊர்களில் ஜெபம் நடத்துகிறவர்கள், அவசரத்துக்கு ஞானஸ்நானம் கொடுக்கிறவர்கள், இறந்தவர்களை அடக்கம் செய்கிறவர்கள் அவர்கள். அன்றைய பாடம் ஜென்மப் பாவம்: பிறக்கும்போதே எல்லோரிடமும் இருப்பது, ஞானஸ்நானத்தில் நீங்குவது.

"ஞானஸ்நானம் பெறாம செத்த பிள்ளைகள் நெருப்புக்குத்தான் போகும்னு ஆதியில ஒரு ஆயர் எழுதினார். ரொம்ப லேசான நெருப்பு."

உபதேசியார்கள் குறித்துக்கொண்டார்கள்.

"பின்னால வந்தவங்க நெருப்பை எடுத்துட்டாங்க. லிம்போன்னு ஒரு இடம் சொன்னாங்க. அங்க வேதனை கிடையாது. கடவுளைப் பார்க்கவும் முடியாது."

"இப்ப சாமி?"

"லிம்போவை விசுவசிக்கணும்னு கட்டாயம் இல்லைங்கிறாங்க. எப்பவுமே கட்டாயமா இருந்ததில்லையாம். கடவுளோட இரக்கத்துல விட்டுட்டு நம்பிக்கையோட இருக்கலாம்."

கடைசி பெஞ்சில் இருந்த வியாகப்பன் எழுந்தார். அறுபத்தேழு வயது. சாமியைவிட இருபது வயது மூத்தவர்.

"அவங்க எழுத எழுத பிள்ளைங்க வீடு மாறிக்கிட்டே இருந்துச்சா சாமி? வாடகைக்கு இருக்கிற மாதிரி?"

எல்லோரும் சிரித்தார்கள். சாமியும் சிரித்துவிட்டார். வியாகப்பன் சிரிக்கவில்லை என்பதைப் பிறகுதான் கவனித்தார்.

வகுப்பு முடிந்து மற்றவர்கள் சாப்பிடப் போனார்கள். வியாகப்பன் பெஞ்சிலேயே இருந்தார். சாமி வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்.

"யாரோட பிள்ளை, உபதேசியாரே?"

"எம் மக மெற்றில்டாவோடது. தலைப்பிள்ளை. இருபத்தேழு வருசம் ஆச்சு."

"ஞானஸ்நானம் கொடுக்க முடியலியா?"

"செத்துதான் பொறந்துச்சு. நான் போறதுக்குள்ள உடம்பு சில்லிட்டுப் போச்சு."

"செத்த உடம்புக்குக் கொடுக்கக் கூடாதே."

"அதைத்தான் நானும் சொன்னேன். அவ என் கையைப் பிடிச்சுக்கிட்டா. தண்ணி ஊத்தும்போது உயிர் இருந்துச்சுன்னு சொல்லுங்கப்பா, ஒரு வார்த்தை சொன்னா கல்லறைத் தோட்டத்துக்கு உள்ள வச்சிரலாமேன்னா. மருத்துவச்சியும் நான் சாட்சி சொல்லுதேன்னா. நான் மாட்டேன்னுட்டேன்."

"ஏன்?"

"பொய்யில்லையா சாமி?"

ரெமிஜியுஸ் சாமி அவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

"கல்லறைத் தோட்டத்துச் சுவருக்கு வெளிய, ஓடைப் பக்கம் புதைச்சேன். அங்க சிலுவை நடக் கூடாது. மந்திரிச்ச தண்ணி தெளிக்கக் கூடாது. எல்லாப் பிள்ளைங்களையும் அப்படித்தான் புதைச்சிருந்தேன். எம் பேரப்பிள்ளைன்னு மாத்த முடியுமா?"

"மெற்றில்டா இப்ப எப்படி இருக்காங்க?"

"பெரியாஸ்பத்திரியில கிடக்கா. வயித்துல கட்டி. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்கன்னுட்டாங்க." வியாகப்பன் உள்ளங்கையால் முகத்தைத் துடைத்தார். "அன்னையிலிருந்து அவ எங்கூடப் பேசுறதில்ல. போன வாரம்தான் பேசுனா. அப்பா, என்னைச் சுவருக்கு வெளிய வச்சிருங்க, பிள்ளை கிடக்கிற பக்கம், அப்படின்னா."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"நீ ஞானஸ்நானம் வாங்குனவ, உள்ளதான் வைக்கணும்னேன். அப்ப எம் பிள்ளை எங்கப்பா இருக்குன்னு கேட்டா. அதைக் கேட்டுட்டுப் போகத்தான் இந்த வகுப்புக்கே வந்தேன். நாளைக்குப் போய் நான் என்ன சொல்லட்டும்?"

"தெரியாதுன்னு சொல்லுங்க."

"அன்னைக்குத் தெரியும்னு சொல்லித்தானே சாமி புதைச்சோம்?"

சாமி ஜன்னல் பக்கம் பார்த்தார். வெளியே சாப்பாட்டுத் தட்டுகளைக் கழுவும் சத்தம் கேட்டது.

"எனக்குப் பாவசங்கீர்த்தனம் கேளுங்க, எம் பாவத்தைச் சொல்லணும்," என்றார் வியாகப்பன்.

சாமி அறைக்குப் போய் ஊதா ஸ்டோலாப் பட்டையை எடுத்துவந்து கழுத்தில் போட்டுக்கொண்டார். வியாகப்பன் பெஞ்சைப் பிடித்து மெதுவாக மண்டியிட்டார்.

"சுவாமி, நான் பாவியாயிருக்கிறேன், என்னை ஆசீர்வதித்தருளும். எம் மக பிள்ளையச் சுவருக்கு வெளிய புதைச்சேன். அவ அழுதா. நான் இரங்கல. அதுக்கு முன்னாலயும் பின்னாலயும் பதினாலு பிள்ளைங்க. தாய்மார் எல்லாரும் அழுதாங்க. ஒருத்திக்கும் நான் இரங்கல."

"வேற?"

"வேற இல்ல சாமி."

சாமி மன்னிப்புக்காகக் கையை உயர்த்தினார். கை அப்படியே நின்றது. பிறகு இறக்கிக்கொண்டார். ஸ்டோலாவைக் கழற்றி மடியில் வைத்தார்.

வியாகப்பன் நிமிர்ந்து பார்த்தார். "மன்னிப்புக் கொடுக்கலியா?"

"மன்னிக்க ஒண்ணும் இல்லையே. சபை என்ன சொல்லுச்சோ அதைச் செஞ்சீங்க. அதுதான் சரின்னு மனசார நம்பிச் செஞ்சீங்க. அது பாவம் ஆகாது."

"ஒண்ணுமே செய்யாத பச்சப்பிள்ளைக்குப் பாவம் உண்டு. செஞ்ச எனக்குக் கிடையாதா?"

சாமி ஸ்டோலாவை எடுத்துப் பெஞ்சில் வைத்தார்.

"ஏதாவது ஒரு பாவம் இருக்கும் சாமி. நல்லாப் பாருங்க."

வியாகப்பன் மண்டியிட்டபடியே காத்திருந்தார். சாமி குனிந்து அவர் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

"நீங்க அன்னைக்குப் பொய் சொல்லியிருந்தா, உபதேசியாரே, அது பாவம். அற்பப் பாவம். பரிகாரமா மூணு அருள் நிறைந்த மரியே ஜெபம் சொல்லச் சொல்லி, அன்னைக்கே மன்னிச்சிருப்பாங்க."