நோர்மிதா அழுத நான்கு நிமிடம்

"இருபது வருஷம், ஒன்பது படம். ஒரு குடிசையாவது இடிபடாம நின்னுச்சா, டிரெக்?"

படம் காட்டும் திரையை மழையில் ஆளுக்கொரு முனையாகத் தூக்கிக்கொண்டு போகும்போது மரிசெல்தான் கேட்டாள். மணிலாவில் இயக்குநரை 'டிரெக்' என்றுதான் கூப்பிடுவார்கள்.

"இல்லை" என்றார் புளோரான்டே.

"அப்புறம் எதுக்கு?"

"அந்தத் திரையைக் கொஞ்சம் தூக்கிப் பிடி. நனையுது."

குடிசைகள் இடிபடுவதை ஆவணப்படமாக எடுப்பவர் அவர்; ஆறு வருடமாக அவள் அவருடைய உதவி இயக்குநர். ஒரு டிவி சீரியல் கம்பெனி அவளைக் கூப்பிட்டிருந்தது. இந்தப் படமும் வெளிநாட்டு விழாவுக்குப் போகாவிட்டால் கிளம்பிவிடுகிறேன் என்று சொல்லியிருந்தாள்.

அவரும் சரி என்றிருந்தார்.

ஆனால் இந்த முறை நம்பிக்கை இருந்தது. துறைமுகக் குடியிருப்பில் இருந்த நோர்மிதா, இடித்த தன் வீட்டின் முன்னால் உட்கார்ந்து அழும் நான்கு நிமிடம். விழாக்காரர்கள் அந்தத் துண்டை மட்டும் பார்த்துவிட்டு முழுப்படத்தையும் கேட்டு எழுதியிருந்தார்கள்.

புளோரான்டேவுக்கு ஒரு வழக்கம். எந்தக் குடியிருப்பில் படம் எடுத்தாரோ அங்கேதான் முதலில் காட்டுவார். யாராவது தன் முகம் வேண்டாம் என்றால் வெட்டிவிடுவார்.

துறைமுகத்தை ஒட்டிய சின்ன மாதா கோயிலில் ஜன்னல்களுக்குச் சாக்கு கட்டி, மத்தியான மழையில் படம் ஓடியது.

"ஐயோ, என் தொப்பையைப் பாரேன்!"

"கேமரா குறைச்சுத்தான் காட்டுது, சும்மா இரு!"

சிரித்தார்கள். பிறகு அந்த நான்கு நிமிடம் வந்தது.

படம் முடிந்ததும் நோர்மிதா எழுந்தாள்.

"நான் அழறது வேண்டாம். எடுத்துடுங்க."

"சரிக்கா" என்றார் புளோரான்டே.

மரிசெல் குறுக்கே வந்தாள். "அக்கா, அதை எடுத்துட்டா விழாவே இல்லை. நீங்க அழுதது பொய்யா?"

"பொய்னு யார் சொன்னா? அழுதேன். அதோட நின்னுட்டேனா? எழுந்து சோறாக்கினேனே."

"யாருக்கு?"

"எங்களுக்குத்தான். இடிக்க வந்தவங்களுக்கும் சேர்த்து. காலையிலேருந்து பச்சைத் தண்ணி கூட குடிக்காம வெயில்ல நின்னானுங்க. அவனுங்களும் நம்மள மாதிரி குடிசைக்காரனுங்கதானே."

"நாங்க பார்க்கலையே."

"நீங்கதான் பெட்டியைக் கட்டிட்டுப் போயிட்டீங்களே!"

மரிசெலுக்கு அந்த நாள் ஞாபகம் வந்தது. 'கிடைச்சிடுச்சு, கிளம்பலாம்' என்று ஒளிப்பதிவாளரிடம் சொன்னவள் அவள்தான்.

புளோரான்டேவைப் பார்த்தாள். அவர் ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்தார். அசதியில் இரண்டு தடவை கை தவறியது.

"சாப்பிட்டுட்டு என்ன சொன்னாங்க?" என்று நோர்மிதாவிடம் கேட்டாள்.

"என்ன சொல்லுவாங்க? கடப்பாரை வச்சிருந்தவன், உப்பு கம்மின்னான்."

எல்லாரும் சிரித்தார்கள். மரிசெல் சிரிக்கவில்லை. கேமரா பையை எடுத்துத் தோளில் மாட்டினாள்.

"அவன் வீடு எந்தப் பக்கம்க்கா?" என்றாள்.