திக்காத அப்பா

விழுப்புரத்தில் கல்யாண வீடியோ எடிட்டராகப் பேர் வாங்கிய பொன்னரசன், தலை நரைத்த பிறகு மறுபடி மாணவரானார். பெரிய கம்பெனிகளுக்கு விளம்பரக் குறும்படம் எடுக்கும் ரெஹானாவிடம் சென்னையில் வந்து சேர்ந்தார். குருவுக்கு அவருடைய மூத்த மகள் வயதுதான் இருக்கும். அவர் "மேடம்" என்பார். அவள் "அண்ணே" என்பாள்.

வந்த அன்றே கேட்டார். "எதை வெட்டணும், எதை வைக்கணும்னு எப்படி மேடம் தெரிஞ்சுக்கறது?"

"எனக்கே முழுசாத் தெரியாது அண்ணே. தெரியும்போது சொல்றேன்."

முதல் வேலை ஒரு பம்ப்செட் கம்பெனியின் படம். அங்கே காலமெல்லாம் உழைத்த மெக்கானிக் சுப்புராயன், மகளைப் படிக்க வைத்த கதையைக் கேமரா முன்னால் சொன்னார். அவருக்குத் திக்குவாய். வார்த்தைக்கு வார்த்தை நின்று, தவித்துத்தான் கரையேறுவார்.

பொன்னரசன் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார். ஒரு திக்கல் விடாமல் வெட்டியெடுத்தார். ஒட்டிய இடமே தெரியவில்லை. படத்தில் சுப்புராயன் தங்குதடையில்லாமல் பேசினார். கம்பெனிக்காரர்கள் எழுந்து நின்று கை தட்டினார்கள். ரெஹானாவும் தட்டினாள். பொன்னரசனுக்குத் தலைகால் புரியவில்லை.

அந்த மழைக்காலத்தில் சுப்புராயன் மாரடைப்பில் போய்விட்டார்.

காரியம் முடிந்து அவர் மகள் ஸ்டுடியோவுக்கு வந்தாள். பொன்னரசன் பெரிய திரையில் படத்தைப் போட்டுக் காட்டினார். அழுவாள் என்று நினைத்தார். அவளோ யாரோ எவரோ என்பது போலப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இதை ஆயிரம் தடவை பார்த்துட்டேன் சார். எங்கப்பா இப்படிப் பேசவே மாட்டார். என் பேரைக்கூட ஒரே மூச்சுல சொன்னதில்ல. த, த-ன்னு கொஞ்ச நேரம் கதவைத் தட்டிட்டுத்தான் தமயந்தின்னு உள்ள வருவார். போன்ல பதியலாம்னு எடுத்தாலே ஓடிடுவார். உங்ககிட்ட மட்டும்தான் பேசினார். நீங்க வெட்டினதெல்லாம் இருக்கா சார்? எனக்கு அது போதும்."

பொன்னரசன் எழுந்து ரெஹானாவின் அறைக்குப் போனார்.

"மேடம், சுப்புராயன் பொண்ணு வந்து, அப்பா திக்கித் திக்கி அவ பேரைச் சொன்னதைக் கேக்குது. படத்தைக் கொடுத்ததும் ஹார்ட் டிஸ்க்கை அழிச்சிட்டேன். அடுத்த வேலைக்கு வேணுமேன்னு. ஒண்ணுமே மிச்சமில்ல. அந்தப் பொண்ணு முகத்தைப் பார்க்க முடியல. நீங்களே சொல்லி அனுப்பிடுங்க."

ரெஹானாவின் கண் கலங்கிவிட்டது.

"நானும்தானே அண்ணே கை தட்டினேன்," என்றாள். பிறகு கேட்டாள். "அந்தப் பேரை வெட்டறதுக்கு முன்னாடி எத்தனை தடவை கேட்டிருப்பீங்க?"

"கணக்கே இல்ல மேடம். எங்க மூச்சு முட்டுது, எங்க விடுதுன்னு கேட்டுக் கேட்டுத்தானே வெட்டணும். தூக்கத்துலகூட அதுதான்."

"இப்பவும் கேக்குதா?"

"கேக்குது."

"அப்ப போய்க் கொடுத்துட்டு வாங்க."

பொன்னரசன் திரும்பி வந்தார். டிஸ்க்கை அழித்ததை முதலில் சொன்னார். தமயந்தி பையை எடுத்துக்கொண்டு வாசலை நோக்கி நடந்தாள்.

அவர் கண்ணை மூடினார். நாக்கு பல்லில் ஒட்டிக்கொண்டது. கழுத்து நரம்பு புடைத்தது.

"த... த..." மூச்சு முட்டி நின்றது. பிறகு விடுபட்டது. "த... தமயந்தி."

அவள் நின்றாள். திரும்பிப் பார்க்கவில்லை.

"என்னப்பா?" என்றாள்.